மார்மன் சமூகமும் அமெரிக்க அரசாங்கமும் அல்லது கட்டுப்பாட்டின் வன்மையும் வடுவும்

ஒரு சமூகம் மேம்படுதற்கு இன்றியமையாதது யாதென வினவின், கல்வியென்பார் சிலர், செல்வமென்பார் சிலர், ஒற்றுமையும் கட்டுப்பாடுமே யென்பார் பலர். கட்டுப்பாட்டின் பெருமையை எடுத்துரைக்கும் சொற்பொழிவுகட்கும் கட்டுரைகட்கும் நம்மிடைக் குறைவில்லை. அப்பெருமையை யாமும் மறுப்பேமல்லேம். ஆனால் அக்கட்டுப்பாடு தன் எல்லையைக் கடக்குமிடத்து யாது நேரும் என்பதை எடுத்துக் கூறுவார் மிகச் சிலரே. அதனை அறிதற்குக் கட்டுப்பாட்டையே உயிராகக் கொண்டு வாழ்ந்ததொரு கூட்டத்தின் சரித்திரத்தைப் படித்தல் நலமென்று கருதி, வட அமெரிக்காவிலுள்ள மார்மன் சமூகத்தார்க்கும் அந்நாட்டு மத்திய அரசாங்கத்திற்கும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் நிகழ்ந்த பூசலை ஈண்டு ஒருவாறு சுருக்கி வரைகின்றாம். அன்பர்கள் பொறுமையுடன் படிப்பார்களாக.

அமெரிக்க ஐக்கிய நாட்டின் ஆட்சி இருவகைப்பட்டது என்பதை முதற்கண் நினைவிற் கொள்ளல் வேண்டும். மாகாணம் ஒவ்வொன்றும் தனக்கெனச் சட்டசபையும், தன் குடிகள் தேர்ந்தெடுத்த கவர்னரும் உடையது. அவற்றிற்கெல்லாம் பொதுவாக வாஷிங்டன் நகரிலிருந்து ஆள்வது மத்திய அரசாங்கம். மாகாணமாதற்குரிய நிலையை எய்தாத எல்லைப்புற நிலங்கள் அக்காலத்திற் பிரதேசங்கள் எனப்பட்டன. அவற்றிற்குக் கவர்னரையும் நீதிபதிகளையும் நியமித்தனுப்பும் அதிகாரம் நாட்டுத் தலைவராகிய பிரசிடெண்டிடம் இருந்தது. யாம் கூறப்போகும் பூசல் இத்தகைய பிரதேசமொன்றில் எழுந்தது.

துரத்தப்பட்ட கூட்டம்

1830-ஆம் ஆண்டு ஏப்ரல் மாதம் 6-ஆம் தேதி, நியூயார்க் மாகாணத்திலே ஜோசப் ஸ்மித் என்னும் இருபத்துநான்கு வயதினராகிய இளைஞர் ஒரு புதிய திருச்சபையைத் தோற்றுவித்தார். அது கிறிஸ்துவையே தலைவராகக் கொண்டதாயினும், தெய்வ வெளிப்பாட்டால் தமக்குக் கிடைத்ததென்று அவர் வெளியிட்ட மார்மன் நூல் என்பதனையும் வேதமாகக் கொண்டது. அதுபற்றியே அச்சபையைச் சார்ந்தார்க்கு மார்மன்கள் என்னும் பெயர் வழங்கலாயிற்று. அவர்கள் ஓரிடத்தே திரண்டு வாழ்ந்தனர். தம்முள்ளேயே கொடுக்கல் வாங்கல் செய்தனர். தேர்தற் காலத்தில் ஒருமுகமாக வாக்களித்தனர். தலைவர் சொல்லைத் தெய்வத்தின் சொல்லாகவே போற்றினர். அவர்கட்கு வலிமை தந்த இவ்வியல்புகளே அயலார்க்கு அச்சத்தையும் அழுக்காற்றையும் விளைத்தன.

அவர்கள் மிசௌரி மாகாணத்திற் குடியேறியபோது பகைமை முற்றியது. 1838-ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் 27-ஆம் தேதி அம்மாகாணக் கவர்னராகிய பாக்ஸ் என்பார், மார்மன்களைப் பகைவராகவே நடத்தி ஒழித்தல் வேண்டும், அன்றேல் மாகாணத்தினின்றும் துரத்தல் வேண்டும் என்று ஓர் ஆணை பிறப்பித்தார். மூன்று நாட்களுக்குப் பின் ஹான் என்பவரது ஆலையைச் சூழ்ந்திருந்த சிற்றூரில் மார்மன் ஆடவரும் சிறுவருமாக 17 பேர் கொல்லப்பட்டனர். எஞ்சியோர் வீடும் நிலமும் இழந்து வெளியேறினர். அக்கொடிய ஆணை 1976-ஆம் ஆண்டிலேதான் முறைப்படி நீக்கப்பட்டது என்பதை அறியின் வியப்புறாதார் யாவர்?

இழந்த பொருளுக்கும் உயிருக்கும் நியாயம் வேண்டி 1839-ஆம் ஆண்டின் இறுதியில் ஸ்மித் வாஷிங்டன் நகர் சென்று, பிரசிடெண்டு வான் பியூரனைக் கண்டு முறையிட்டார். ஒரு மாகாணத்துள் நிகழ்ந்தவற்றிற்கு மத்திய அரசாங்கம் பரிகாரஞ் செய்ய இயலாதென்று அதிகாரத்திலிருந்தோர் கைவிரித்துவிட்டனர். இவ்விடையை அன்பர்கள் மறவாதிருத்தல் வேண்டும். காக்கும்படி கேட்டபோது கையில்லை என்ற அரசாங்கம், பதினெட்டு ஆண்டுகட்குப் பின்னர்ப் படையொடு வந்து நின்றபோது, மார்மன்கள் அதனை எங்ஙனம் நோக்கியிருப்பர் என்பதை இதுகொண்டே உய்த்துணரலாம்.

பின்னர் அவர்கள் இலினாய் மாகாணத்தில் நாவூ என்னும் நகரை அமைத்தனர். அங்கும் அமைதி நிலைக்கவில்லை. தம்மைக் கண்டித்த பத்திரிகையொன்றின் அச்சியந்திரத்தை அழிப்பித்ததனால் எழுந்த கலகத்தின் விளைவாகச் சிறைப்பட்ட ஸ்மித்தையும் அவர் தமையனார் ஹைரமையும், 1844-ஆம் ஆண்டு ஜூன் மாதம் 27-ஆம் தேதி ஒரு கூட்டத்தார் கார்த்தேஜ் நகரச் சிறைச்சாலையுட் புகுந்து சுட்டுக் கொன்றனர். நியாயஸ்தலத்தில் விசாரிக்கப்படவேண்டியவர் சிறைக்குள்ளேயே கொலையுண்டமை கண்டு, இந்நாட்டின் சட்டம் தமக்கு நிழலாகாது என்னும் முடிவிற்கு மார்மன்கள் வந்தனர்.

பாலையிற் பாய்ந்த நீர்

ஸ்மித்துக்குப் பின் தலைமை பூண்டவர் பிரிகாம் யங் என்பார். தச்சுத் தொழிலிலிருந்து உயர்ந்தவர். ஏவலினும் ஏற்பாட்டினும் நிகரற்றவர். 1846-ஆம் ஆண்டில் நாவூ நகரை விட்டுப் புறப்பட்ட கூட்டத்தாரை ஆயிரம் மைலுக்கு மேல் மேற்கே நடத்திச் சென்று, 1847-ஆம் ஆண்டு ஜூலை மாதம் 24-ஆம் தேதி பெரிய உப்பேரியின் பள்ளத்தாக்கை அடைந்தார். வேறொருவரும் விரும்பாத வறண்ட நிலமே தமக்கு ஏற்றதென்று அவர் தேர்ந்தெடுத்தனர் போலும்! அந்நிலம் அப்போது மெக்சிகோ நாட்டிற்கு உரியதாயிருந்தது. ஆனால் அடுத்த ஆண்டிலேயே போருடன்படிக்கையால் அஃது ஐக்கிய நாட்டின் வசமாயிற்று. எந்த ஆட்சியினின்றும் விலகிச் சென்றனரோ, அந்த ஆட்சி ஓராண்டுக்குள் அவர்களைப் பின்தொடர்ந்து வந்துவிட்டது.

அப்பள்ளத்தாக்கில் அவர்கள் செய்த வேலை உலகோர் புகழ்தற்குரியது. மலையினின்றும் இழிந்த ஓடைகளை மறித்துக் கால்வாய் வழியே வயல்களுக்குப் பாய்ச்சினர். நீரும் காட்டுமரமும் தனியொருவர்க்குரிய உடைமையாகா, யாவர்க்கும் பொதுவே என்று விதித்தனர். வெட்டும் வேலையில் எத்துணைப் பங்கு கொண்டனரோ அதற்கேற்ப நீரும் பெற்றனர். பிஷப்புமார் மேற்பார்வையில் வாய்க்கால் வழக்குகள் தீர்க்கப்பட்டன. 1849-ஆம் ஆண்டில் ஏழைகளை அழைத்து வருதற்கென ஒரு நிதி தோற்றுவிக்கப்பட்டது. அதனாற் பயணஞ் செய்தோர், பின்னர் உழைத்து அக்கடனைத் தீர்த்துப் பிறர் வருதற்கு உதவினர். ஐரோப்பாவிலிருந்து வந்த வறியோர் பலர் வண்டி மாடு வாங்கவும் வகையின்றிக் கைவண்டிகளைத் தாமே இழுத்துக்கொண்டு பாலையைக் கடந்தனர். 1856-ஆம் ஆண்டிற் காலந்தாழ்த்துப் புறப்பட்ட இரண்டு கைவண்டிக் கூட்டத்தாருள் 200-க்கு மேற்பட்டோர் பனியில் மாண்டனர். அச்செய்தி எட்டியவுடனே, உப்பேரி நகர மக்கள் திருச்சபை மாநாட்டின் பொருட்டுக் கூடியிருந்த சபையிலிருந்தே ஆளும் வண்டியும் அனுப்பி எஞ்சியோரை மீட்டனர். கட்டுப்பாட்டின் வன்மைக்கு இவற்றினுஞ் சிறந்த சான்றுகள் காண்டலரிது.

1850-ஆம் ஆண்டில் அந்நிலம் யூட்டா என்னும் பெயரால் ஒரு பிரதேசமாக அமைக்கப்பட்டது. பிரிகாம் யங்கே அதன் முதற் கவர்னராக நியமிக்கப்பெற்றார். திருச்சபைத் தலைவர் அவரே. நாட்டுக் கவர்னரும் அவரே. ஊர்ப்படைக்கு ஆணை தருபவரும் அவரே. வாஷிங்டனிலிருந்து வந்த நீதிபதிகளின் நியாயஸ்தலங்களிற் குடிகள் ஏறுதலரிதாயிற்று. தம்மவரே நடத்திய சிறு நியாயஸ்தலங்களுக்கு உள்ளூர்ச் சட்டசபை 1852-ஆம் ஆண்டிற் பேரதிகாரம் வழங்கியிருந்தது. அவ்வாண்டிலேயே ஒருவன் பல மனைவியரை மணத்தல் தம் சமயத்திற்கு உடன்பாடென்பதை அவர்கள் வெளிப்படையாக அறிவித்தனர். அமெரிக்க மக்களிற் பெரும்பாலோர் இதனைக் கேட்டு வெகுண்டனர். 1856-ஆம் ஆண்டுத் தேர்தலிற் புதிதாக எழுந்த குடியரசுக் கட்சியார், அடிமை முறையையும் பலதார மணத்தையும் ஒருசேர ஒழிப்பதாகப் பறைசாற்றினர்.

விசாரணையின்றி எழுந்த படை

1857-ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்திற் பிரசிடெண்டாகப் பதவியேற்றவர் புக்கானன் என்பார். யூட்டாவில் நீதிபதியாயிருந்த டிரம்மண்டு என்பவர் அம்மாதத்திலேயே பதவி துறந்து, மார்மன்கள் நியாயஸ்தலப் பதிவேடுகளை அழித்துவிட்டனர் என்பது முதலாகப் பல குற்றங்களைச் சாட்டி ஒரு கடிதம் விடுத்தனர். அதனையும் அதுபோன்ற பிற முறையீடுகளையும் கொண்டே, யூட்டாவில் அரசாங்கத்திற்கு மாறான கிளர்ச்சி மூண்டுள்ளதெனப் புக்கானன் துணிந்தார். உண்மையை நேரிற் கண்டு வருமாறு ஒருவரையும் அவர் அனுப்பினாரல்லர். யங்கை நீக்கிக் கம்மிங் என்பவரைக் கவர்னராக நியமித்து, அவருக்குத் துணையாகச் சுமார் 2,500 துருப்புகளையும் ஏவினார். நீக்கப்பட்ட செய்தியை யங்குக்குத் தெரிவிக்கவுமில்லை. யூட்டாவிற்குச் சென்றுகொண்டிருந்த தபால் ஒப்பந்தமும் நிறுத்தப்பட்டது. அழிக்கப்பட்டனவாகக் கூறப்பட்ட பதிவேடுகள் அழியாமல் இருந்தன என்பதைக் கம்மிங்கே அடுத்த ஆண்டிற் கண்டறிந்து எழுதினார்.

பள்ளத்தாக்கை அடைந்த பத்தாம் ஆண்டு நிறைவை 1857-ஆம் ஆண்டு ஜூலை 24-ஆம் தேதி மார்மன்கள் மலையிடத்தே கூடிக் கொண்டாடிக்கொண்டிருந்தனர். அவ்வமயம் படை வருகின்ற செய்தி வந்து சேர்ந்தது. காரணமும் கூறப்படவில்லை, கருத்தும் தெரிவிக்கப்படவில்லை. மிசௌரியில் மகனைப் பறிகொடுத்த தாய்மாரும், நாவூ நகரில் வீடிழந்தோரும் அக்கூட்டத்தில் இருந்தனர். அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பது பழமொழி. வருகின்ற படை தம்மைப் பூண்டோடு அழிக்கவே வருகின்றதென்று அவர்கள் நம்பியதில் வியப்பில்லை.

யங் செப்டம்பர் மாதம் 15-ஆம் தேதி இராணுவச் சட்டம் பிரகடனஞ் செய்து, துருப்புகள் பிரதேசத்துட் புகலாகாதென்று தடுத்தார். ஊர்தோறும் ஊர்ப்படை பயிற்சி பெற்றது. வழிப்போக்கர்க்குத் தானியம் விற்கலாகாதென்று கட்டளை பிறந்தது. சபைத் தலைவருள் ஒருவராகிய ஜார்ஜ் ஸ்மித் தென்பகுதி ஊர்களுக்குச் சென்று, மக்கள் நெஞ்சிற் கனலெழுமாறு பேசிவந்தார். பேசினார்க்கு அது வீரவுரை. அவ்வுரையைக் கேட்டவர்கள் கையில் துப்பாக்கி இருந்தது.

மலைப்புல்வெளியில் நிகழ்ந்தது

இந்நிலையில் ஆர்க்கன்சா மாகாணத்திலிருந்து கலிபோர்னியாவுக்குக் குடும்பத்தோடு செல்லும் ஒரு வண்டிக்கூட்டம் யூட்டாவின் வழியே வந்தது. ஆடவர், மகளிர், குழந்தைகள் எல்லாரும் சேர்ந்து சுமார் 140 பேர்; கால்நடைச் செல்வமும் மிக உடையர். அரசாங்கப் படைக்கும் இவர்கட்கும் யாதொரு தொடர்புமில்லை. ஆயினும் தானியம் விற்க மறுத்த ஊர்களில் வாய்ச்சண்டைகள் எழுந்தன. மார்மன் திருச்சபைத் தலைவருள் ஒருவராகிய பார்லி பிராட் அவ்வாண்டு மே மாதத்தில் ஆர்க்கன்சாவிற் கொலையுண்டிருந்தமையும் இவர்கள்பால் வெறுப்பைக் கூட்டியது.

செப்டம்பர் மாதம் 7-ஆம் தேதி விடியற்காலையில், தென்யூட்டாவிலுள்ள மலைப்புல்வெளி என்னும் பொருள்படும் பெயருடைய ஓரிடத்தில் இவர்கள் தாக்கப்பட்டனர். தாக்கியோர் பையூட் என்னும் பழங்குடியினர் சிலரும், அவர்களைத் தூண்டிவிட்ட மார்மன் ஊர்ப்படையினர் சிலருமாவர். பயணிகள் வண்டிகளை வளையமாக நிறுத்தி எதிர்த்து நின்றனர். கண்ணெதிரே ஊற்றிருந்தும் நீர் முகந்துகொள்ள இயலாது ஐந்து நாட்கள் கழிந்தன. இதற்கிடையில், செய்வது யாதெனக் கேட்டு யங்குக்குக் கடிதங் கொடுத்து ஹாஸ்லம் என்னும் குதிரைவீரரைச் சீடர் நகரத்துத் தலைவர்கள் 7-ஆம் தேதி அனுப்பியிருந்தனர். அவர் ஏறக்குறைய 250 மைல் ஓடி 10-ஆம் தேதி யங்கிடம் சேர்ந்தார். பயணிகளை ஒன்றுஞ் செய்யாது போக விடுக என்னும் விடையோடு அவர் திரும்பியது 13-ஆம் தேதி.

விடை வருமுன்னரே எல்லாம் முடிந்துவிட்டன. தாக்கியோருள் வெள்ளையரும் உளர் என்பதைப் பயணிகள் அறிந்துகொண்டமையால், அவர்கள் உயிருடன் சென்றால் தம் சமூகத்திற்குக் கேடு வருமென்று உள்ளூர்த் தலைவர்கள் அஞ்சினர். 11-ஆம் தேதி ஜான் லீ என்பவர் வெள்ளைக்கொடி ஏந்திச் சென்று, ஆயுதங்களை ஒப்புவித்தால் பழங்குடியினரிடமிருந்து காத்துச் சீடர் நகரத்திற்கு அழைத்துச் செல்வதாக வாக்களித்தார். குழந்தைகளும் புண்பட்டோரும் வண்டிகளில் முன்னே சென்றனர். மகளிரும் வளர்ந்த பிள்ளைகளும் நடந்து சென்றனர். ஆடவர் ஒவ்வொருவர் பக்கத்திலும் காவலென்று ஓர் ஊர்ப்படையாள் நடந்தான். சிறிது தூரஞ் சென்றபின் ஒரு குறிச்சொல் எழுந்தது. காவலர் தத்தம் பக்கத்திலிருந்தோரைச் சுட்டனர். முற்றுகையிலும் அன்றும் மாண்டோர் சுமார் 120 பேர். கண்டதைச் சொல்லும் வயதில்லையென்று கருதப்பட்ட 17 குழந்தைகள் மட்டும் உயிருடன் விடப்பட்டனர். இறந்தாருடைய கால்நடைகளும் பொருள்களும் பங்கிடப்பட்டன.

அன்று துப்பாக்கி தாங்கி நின்றோர் கள்வரல்லர், கொலைத்தொழிலாளருமல்லர். வாய்க்கால் வெட்டியவர்கள், வயலுழுதவர்கள், குழந்தைகளுக்குத் தந்தையராயினோர். நெஞ்சு கலங்கி அழுதவரும் அவர்களுள் இருந்தனரென்பர். ஆயினும் தலைவர் ஆணையை மறுக்கும் பழக்கம் அவர்கட்கில்லை. பத்தாண்டுகளாகப் பாலையை வளமாக்கிய அதே கீழ்ப்படிதல்தான் அன்று அவர்கள் கையைக் கொலைக்கு எழுப்பியது.

போரின்றி முடிந்த போர்

படையின் செய்திக்கு வருவாம். அக்டோபர் மாதத்தில் மார்மன் குதிரைவீரர் இரவிற் பாய்ந்து துருப்புகளின் உணவேற்றிய வண்டிகள் ஐம்பதுக்கு மேற்பட்டவற்றை எரித்தனர். படை தங்குதற்கு ஏற்ற பிரிட்ஜர் கோட்டையையும் தாமே கொளுத்தினர். தலைமை பூண்டு வந்த தளகர்த்தர் ஜான்ஸ்டன், எரிந்த அக்கோட்டையின் அருகே கூடாரமடித்துப் பனிக்காலத்தைக் குறைந்த உணவுடன் கழிக்க நேர்ந்தது.

அப்போது தாமஸ் கேன் என்னும் பிலடெல்பியா நகரத்தார் ஒருவர் இடைநின்று சமாதானம் பேச முன்வந்தார். மார்மன் அல்லராயினும் அவர்களது துன்பக் காலத்தில் நட்புப் பூண்டவர்; நோயுடம்பினர். கடல்வழியே பனாமா சென்று கலிபோர்னியாவை அடைந்து, அங்கிருந்து 1858-ஆம் ஆண்டு பிப்ரவரி மாதத்தில் உப்பேரி நகரம் சேர்ந்தார். யங்கோடு பேசிய பின்னர்ப் பனியிடையே துருப்புகளின் பாசறைக்குச் சென்று, புதிய கவர்னரைப் படையின்றித் தனியே வருமாறு இணங்குவித்தார். ஏப்ரல் மாதத்திற் கம்மிங் நகரம் சேர்ந்தபோது மக்கள் அவரைக் கவர்னராகவே மதித்தனர். 2,500 துப்பாக்கிகளால் முடியாத காரியம் ஒரு நோயாளியின் நாவினால் முடிந்தது.

இதற்குள் சுமார் 30,000 மக்கள் தம் வீடுகளைத் துறந்து தெற்கே பெயர்ந்திருந்தனர். துருப்புகள் தீங்கிழைப்பின் வீடுகளுக்குத் தீயிடுமாறு வைக்கோலைப் பரப்பிச் சிலரை மட்டும் காவல் வைத்திருந்தனர். புக்கானன் பொதுமன்னிப்புப் பிரகடனஞ் செய்தார். ஜூன் மாதம் 26-ஆம் தேதி ஆளரவமற்ற தெருக்களின் வழியே படை நடந்து சென்று, நகரினின்றும் சுமார் 40 மைல் தொலைவிற் பாசறை அமைத்தது. மக்கள் தத்தம் வீடு திரும்பினர். 1861-ஆம் ஆண்டில் உள்நாட்டுப் போர் மூண்டபோது அப்பாசறையும் கலைக்கப்பட்டது. அதன் தளவாடங்களை மார்மன்கள் அடிமாட்டு விலைக்கு வாங்கிக்கொண்டனர். இரு படைகளும் களத்தில் எதிர்நின்று ஒருநாளும் பொரவில்லை. இப்போரைப் புக்கானனது பெரும்பிழையென்று அமெரிக்கர் எள்ளினர். ஆர்க்கன்சாவிலிருந்து வந்த குடும்பங்களுக்கோ அஃது எள்ளற்குரியதாயிருக்கவில்லை.

சட்டமும் சமயமும்

பின்னர்ப் பூசல் நியாயஸ்தலத்திற்கு மாறியது. பிரதேசங்களிற் பலதார மணத்தைக் குற்றமாக்கும் சட்டம் 1862-ஆம் ஆண்டிலேயே இயற்றப்பட்டதாயினும் நெடுங்காலம் ஏட்டளவில் நின்றது. மார்மன்களே ஜூரிகளாயிருந்த நியாயஸ்தலங்களில் மார்மனுக்கு எதிராகத் தீர்ப்புப் பெறுதல் எங்ஙனம்? 1874-ஆம் ஆண்டிற் பிறந்த சட்டம் பெருங்குற்ற விசாரணையை மத்திய நீதிபதிகளிடமே ஒப்புவித்தது. அதன்பின் ஜார்ஜ் ரேனால்ட்ஸ் என்பவரது வழக்குப் பரீட்சை வழக்காக எழுந்து, 1879-ஆம் ஆண்டில் ஐக்கிய நாட்டு உச்ச நியாயஸ்தலத்தில் முடிந்தது. நம்பிக்கையைச் சட்டம் தீண்டலாகாது, ஆனால் செயலைத் தடுக்கலாம் என்பது தலைமை நீதிபதி வெய்ட் அவர்களது தீர்ப்பின் சாரம். கணவனது சிதையில் உடன்கட்டை ஏறுதல் தன் கடனென ஒரு பெண் நம்பினும், அதனைத் தடுக்க அரசாங்கத்திற்கு அதிகாரமில்லையோ என்று அதில் ஒரு வினா எழுப்பப்பட்டுள்ளது. நம் நாட்டில் 1829-ஆம் ஆண்டில் விலக்கப்பட்ட வழக்கம், அரை நூற்றாண்டுக்குப் பின் அமெரிக்கத் தீர்ப்பொன்றில் எடுத்துக்காட்டாக நின்றமை கருதத்தக்கது.

1882-ஆம் ஆண்டுச் சட்டத்தாற் பலதார மணமுடையோர் வாக்குரிமையும் பதவியும் இழந்தனர். ஆயிரத்திற்கு மேற்பட்டோர் சிறை புகுந்தனர். யங்குக்குப் பின் தலைமையேற்ற ஜான் டெய்லர் 1887-ஆம் ஆண்டில் தலைமறைவிலேயே உயிர் நீத்தார். அவ்வாண்டுச் சட்டம் இன்னுங் கடுமையுடையது: திருச்சபையின் சட்ட உருவையே கலைத்து, 50,000 டாலருக்கு மேற்பட்ட அதன் உடைமையைப் பறிமுதல் செய்யவும் விதித்தது. யூட்டா மகளிர்க்கு 1870-ஆம் ஆண்டு முதல் இருந்த வாக்குரிமையையும் அதுவே பறித்தது. மகளிரைக் காப்பதாகக் கூறி எழுந்த சட்டம் மகளிர் கையிலிருந்த உரிமையைப் பிடுங்கியது முறையோ என்பதை அன்பர்களே ஆராய்க.

1890-ஆம் ஆண்டில் உச்ச நியாயஸ்தலம் அச்சட்டத்தையும் உறுதிப்படுத்தியது. அவ்வாண்டு செப்டம்பர் மாதத்தில், அப்போதைய தலைவர் வில்பர்டு வுட்ரப், நாட்டுச் சட்டம் விலக்கிய மணங்களைச் செய்யாதிருக்குமாறு தம்மவர்க்கு அறிவுறுத்தி ஓர் அறிக்கை வெளியிட்டார். 1896-ஆம் ஆண்டு ஜனவரி மாதம் 4-ஆம் தேதி யூட்டா 45-ஆவது மாகாணமாயிற்று. அதன் அரசியல் விதி பலதார மணத்தை என்றென்றைக்கும் விலக்கியதுடன், மகளிர்க்கு வாக்குரிமையையும் மீட்டுத் தந்தது. இணங்கியதனால் அச்சமூகம் அழிந்துவிடவில்லை; கடல்கடந்தும் பரவி வளர்ந்தது.

மறைத்த உண்மை

நிற்க. மலைப்புல்வெளியிற் சிந்திய குருதியின் கணக்கு யாதாயிற்று? பழி முழுவதும் பையூட் மக்கள்மீது சுமத்தப்பட்டது. 1859-ஆம் ஆண்டில் அவ்விடஞ் சென்ற மேஜர் கார்ல்டன் என்பவர், இரண்டாண்டுகளாகச் சிதறிக் கிடந்த எலும்புகளைத் திரட்டிப் புதைத்துக் கற்குவியல் எழுப்பினார். எஞ்சிய குழந்தைகளும் அவ்வாண்டில் உறவினரிடம் சேர்க்கப்பட்டனர். ஆனால் நிகழ்ந்ததை அறிந்த ஊரார் வாய் திறக்கவில்லை. சமூகத்தின் பெயரைக் காத்தலே அறமென்று அவர்கள் எண்ணினர். கொலை செய்தவரும், கொலையை வெறுத்தவரும் அம்மௌனத்தில் ஒன்றுபட்டிருந்தனர்.

1874-ஆம் ஆண்டில் ஒன்பதின்மர் மீது குற்றஞ் சாட்டப்பட்டது. தண்டனை பெற்றவர் ஜான் லீ ஒருவரே. 1875-ஆம் ஆண்டு விசாரணையில் ஜூரிகள் ஒருமுகப்படவில்லை. அடுத்த ஆண்டு விசாரணையில், முழுதும் மார்மன்களாகிய ஜூரிகளே அவரைக் குற்றவாளியெனத் தீர்த்தனர். முன்பு வாய் திறவாதிருந்த சாட்சிகளும் அப்போது முன்வந்தனர். 1877-ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 23-ஆம் தேதி, கொலை நிகழ்ந்த அப்புல்வெளியிலேயே லீ சுடப்பட்டு இறந்தார். பலர் செய்த பழிக்குத் தம்மை மட்டும் பலியிட்டனர் என்பது அவரது முறையீடு. அவர் குற்றமற்றவரல்லர், ஆனால் அம்முறையீடு பொய்யுமன்று. முன்னர் எல்லாரையும் மறைத்த கட்டுப்பாடு, பின்னர் ஒருவரைக் கைவிட்டு ஏனையோரை மறைத்தது.

நெடுங்காலத்திற்குப் பின்னர் அவ்வுண்மையை வெளிக்கொணர்ந்தவர் பகைவருமல்லர், அரசாங்கத்தாருமல்லர். மார்மன் குடியிற் பிறந்து, மார்மனாகவே வாழ்ந்து, தென்யூட்டாவிலுள்ள செயின்ட் ஜார்ஜ் நகரக் கல்லூரியில் ஆசிரியத் தொழில் புரிந்த வானீட்டா புரூக்ஸ் என்னும் அம்மையார், பல்லாண்டு உழைத்துத் திரட்டிய சான்றுகளைக் கொண்டு 1950-ஆம் ஆண்டில் ஒரு நூல் வெளியிட்டார். கொலைக்கு யங் ஆணையிடவில்லை. ஆயினும் அவரும் ஜார்ஜ் ஸ்மித்தும் பேசிய பேச்சே கொலைக்கேற்ற நிலையை உண்டாக்கிற்று. பின்னர் உண்மையை மறைத்ததில் யங்குக்குப் பங்குண்டு என்பது அவர் கண்ட முடிபு. யங்கின் பொறுப்பு இதனினும் மிகுதியென்று கூறும் ஆசிரியரும் உளர். தம்மவருட் பலர் அம்மையாரை வெறுத்தொதுக்கினர். எனினும் அவர் தம் சபையை விட்டு விலகவுமில்லை, எழுதியதை மாற்றவுமில்லை. 1961-ஆம் ஆண்டில் இறந்துபோன லீயின் சபையுரிமையைத் திருச்சபையார் மீட்டளித்தனர். கொலை நிகழ்ந்து 150 ஆண்டுகள் நிறைந்த 2007-ஆம் ஆண்டு செப்டம்பர் மாதம் 11-ஆம் தேதி, அப்புல்வெளியில் நின்று திருச்சபையின் சார்பிற் பெருவருத்தம் தெரிவிக்கப்பட்டது. பழி சுமந்த பையூட் மக்களுக்கும் வருத்தம் தனியே கூறப்பட்டது.

இச்சரித்திரத்தில் இரு திறத்தாரும் பிழை செய்தனர். குறை கேட்டபோது செவிசாய்க்காமல், வதந்தி கேட்டபோது விசாரியாமற் படையனுப்பிய அரசாங்கம், அச்சத்தை விதைத்தது. அவ்வச்சத்தைத் தலைவர் வாய்மொழியால் வளர்த்து, எதிர்த்துக் கேட்பாரின்றிச் செய்த சமூகம் அதன் விளைவை அறுத்தது. உயிரிழந்தோரோ இருவர்க்கும் அயலாராகிய வழிப்போக்கர்.

கால்வாய் வெட்டவும், பனியிற் சிக்கியோரை மீட்கவும், ஏழையைக் கைதூக்கவும் கட்டுப்பாடு வேண்டுவதே. ஆனால் தலைவர் தவறான ஆணையிடும்போது மாட்டேன் என்று கூறுதற்கு அதனுள் இடமிருத்தல் வேண்டும். தம்மவன் செய்த குற்றத்தைத் தம்மவரே எடுத்துரைத்தற்கும் இடமிருத்தல் வேண்டும். 1857-ஆம் ஆண்டிற் சீடர் நகரத்தில் அங்ஙனம் உறுதியாகக் கூறுவார் இருந்திருப்பின், ஹாஸ்லம் திரும்பி வருமளவும் இரண்டு நாட்கள் பொறுத்திருப்பர். அன்று மாண்ட உயிர்கள் பிழைத்திருக்கும். சமூகத்தின் பெயரைக் காத்தவர் வாய் மூடியிருந்த ஊராரோ, தொண்ணூற்று மூன்றாண்டுகட்குப் பின் வாய் திறந்த அவ்வாசிரியையோ என்பதை, சமூகத் தொண்டில் ஈடுபட்ட அன்பர்கள் ஒவ்வொருவரும் தத்தம் உள்ளத்தே சீர்தூக்கிக் காண்பார்களாக.